பின்னக் கோட்டுக்குள் ஓர் அடைப்புக்குறி

எட்டாம் வகுப்பு இயற்கணிதத்தில் பிள்ளைகள் அடிக்கடி சந்திக்கும் வகையில் ஒரு சமன்பாட்டை எடுத்துக்கொள்வோம். தெரியாத எண்ணை ய என்று குறிக்கிறேன்.

ய/2 + 1 − (ய − 5)/3 = 5

இதன் விடை 14. இதையே ஒரு வகுப்புக்குக் கொடுத்துப் பார்த்தால் 34 என்றும் 19 என்றும் விடைகள் வரும். இரண்டையும் கவனக்குறைவு என்று சொல்லிச் சிவப்பு மையால் சுழித்துவிட்டுப் போகலாம். பெரும்பாலும் நடப்பதும் அதுதான். ஆனால் சற்று நின்று பார்த்தால் அந்த எண்கள் கண்டபடி வந்தவை அல்ல என்பது தெரியும். 34 என்பது ய/2 + 1 − (ய + 5)/3 = 5 என்ற வேறொரு சமன்பாட்டுக்குச் சரியான விடை. 19 என்பது ய/2 + 1/6 − (ய − 5)/3 = 5 என்பதற்குச் சரியான விடை. முதல் பிள்ளை, 6-ஆல் பெருக்கியபின் −2(ய − 5) என்பதை −2ய − 10 என்று திறந்துவிட்டாள். இன்னொரு பிள்ளை பின்னங்களை மட்டும் 6-ஆல் பெருக்கி, பின்னமாக இல்லாத 1-ஐ அப்படியே விட்டுவிட்டான். அதற்குப் பிறகு இருவரும் செய்த கூட்டல் கழித்தலில் ஒரு பிசகும் இல்லை. தங்களுக்குத் தெரியாமலே வேறு கணக்குக்கு மாறி, அந்தக் கணக்கை ஒழுங்காக முடித்திருக்கிறார்கள்.

இருவரும் தடம் மாறிய இடம் ஒன்றே. அது பங்கீட்டுப் பண்பு:

அ × (ஆ + இ) = அ × ஆ + அ × இ

பின்னச் சமன்பாடுகளில் இந்த ஒரு விதி மூன்று வேலைகளைச் செய்கிறது. அடைப்புக்கு வெளியே நிற்கும் பின்னத்தை உள்ளே இருக்கும் ஒவ்வோர் உறுப்புக்கும் கொண்டுசேர்ப்பது ஒன்று. பகுதிகளின் மீச்சிறு பொது மடங்கால் ஒரு பக்கம் முழுவதையும் பெருக்கிப் பின்னங்களை நீக்குவது இன்னொன்று. 3ய + 2ய என்பதை 5ய என்று சேர்ப்பது மூன்றாவது. இது அதே விதியை வலமிருந்து இடமாக வாசிப்பது. பாடநூல்களில் இவை மூன்றும் வெவ்வேறு பக்கங்களில், வெவ்வேறு பெயர்களில் வருகின்றன: அடைப்பு நீக்குதல், பின்னம் நீக்குதல், ஒத்த உறுப்புகளைச் சேர்த்தல். மூன்றும் ஒரே விதி என்று சொல்லப்படாததால் பிள்ளைகள் மூன்று தந்திரங்களை மனப்பாடம் செய்கிறார்கள். தந்திரம் மறந்தால் மீட்டெடுக்க வழியில்லை. பின்னச் சமன்பாடு கடினமாகத் தெரிவதற்கு எண்களைவிட இந்தச் சிதறலே பெரிய காரணம் என்பது என் முடிவு.

இந்தக் கணக்குகள் இயற்கணிதக் குறியீடுகளைவிட மிகப் பழையவை. லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கும் ரைண்ட் பாப்பிரஸ் சுருள், அலெக்சாண்டர் ஹென்றி ரைண்ட் 1858-இல் எகிப்தின் லக்சரில் வாங்கியது. கி.மு. 1550 வாக்கில் ஆமெஸ் என்ற எழுத்தர் இன்னும் பழைய ஒரு சுருளிலிருந்து படியெடுத்தது அது. அதன் 24-ஆம் கணக்கு: ஓர் அளவும் அதன் ஏழில் ஒரு பங்கும் சேர்ந்தால் 19, அளவு எவ்வளவு? ஆமெஸ் முதலில் விடை 7 என்று வைத்துக்கொள்கிறார். 7-உம் அதில் ஏழில் ஒன்றும் சேர்ந்தால் 8. அந்த 8-ஐ 19 ஆக்க எத்தனை மடங்கு வேண்டுமோ அத்தனை மடங்கு 7-ஐ எடுத்தால் போதும். விடை 16 + 1/2 + 1/8.

ஏன் 7? ஏழில் ஒரு பங்கு எடுக்கும்போது பின்னம் வராமல் இருக்கத்தான். நாம் இருபக்கமும் 7-ஆல் பெருக்கிப் பின்னத்தை நீக்குகிறோம். அவர் பின்னமே பிறக்காத எண்ணைத் தேர்ந்தெடுத்தார். நோக்கம் ஒன்றுதான். ஊகித்த எண்ணிலிருந்து உண்மையான எண்ணுக்கு இப்படித் தாவ முடிவதற்குக் காரணம், ய + ய/7 என்பது ய × (1 + 1/7) என்று ஒரே பெருக்கலாகச் சுருங்குவது. அதாவது பின்னோக்கிய பங்கீடு. 31-ஆம் கணக்கு இன்னும் கடுமையானது: ஓர் அளவு, அதன் மூன்றில் இரண்டு, அரை, ஏழில் ஒன்று எல்லாம் சேர்ந்து 33. நம் முறையில் ய × 97/42 = 33; விடை 14 28/97. எகிப்தியர் மூன்றில் இரண்டைத் தவிர மற்றப் பின்னங்களை ஒன்றின் கீழ்ப் பங்குகளாகவே எழுதியதால், இந்த விடையை அவர்கள் எழுதி முடித்த பாடு சாதாரணமானதல்ல.

ஊகித்துச் சரிசெய்யும் இந்த முறைக்கு ஓர் எல்லை உண்டு. கீழே உள்ளதைப் பாருங்கள்.

(3/4)(ய + 8) = 2ய − 9

ஏதோ ஓர் எண்ணை ஊகித்து, கிடைத்ததை விகிதப்படி பெருக்கினால் இங்கே விடை வராது. அடைப்புக்குள் தெரியாத ய-உம் தெரிந்த 8-உம் ஒன்றாகக் கட்டுண்டு கிடக்கின்றன. ய இரு மடங்கானால் அடைப்பு இரு மடங்காவதில்லை. இப்படிப்பட்ட கணக்குகளுக்காகவே அரபு நூல்களிலும் பின்னர் ஐரோப்பிய நூல்களிலும் இரண்டு ஊகங்களை வைத்துச் செய்யும் முறை வளர்ந்தது. பங்கீட்டு விதி அந்தச் சுற்றுவழியைத் தேவையற்றதாக்கியது. அது ய-க்கு உரியதை ஒருபுறமும் எண்ணுக்கு உரியதை மறுபுறமும் பிரித்து வைக்கிறது: (3/4)ய + 6. பிரிந்த பிறகு ஒவ்வொன்றையும் அதன் இனத்தோடு சேர்ப்பது எளிய வேலை. 15 = (5/4)ய, ஆகவே ய = 12.

விதி மட்டும் புதியதன்று. கி.மு. 300 வாக்கில் யூக்ளிட் தம் நூலின் இரண்டாம் பாகத்தை இதைக் கொண்டுதான் தொடங்கினார். ஒரு செவ்வகத்தின் நீளத்தைத் துண்டுகளாக வெட்டினால், துண்டுச் செவ்வகங்களின் பரப்புகள் சேர்ந்து முழுச் செவ்வகத்தின் பரப்பாகும் என்பது அதன் முதல் கூற்று. கி.பி. 628-இல் பிரம்மகுப்தர் பெருக்கும் எண்ணைப் பகுதிகளாகப் பிரித்துத் தனித்தனியே பெருக்கிக் கூட்டும் முறையைத் தந்தார். இந்தப் பண்புக்கு ஐரோப்பாவில் இன்றைய பெயரை 1814-இல் சூட்டியவர் பிரெஞ்சுக் கணிதர் பிரான்சுவா-ஜோசப் செர்வுவா. ஆயிரக்கணக்கான ஆண்டுகள் புழங்கிய பின்பே அதற்கு ஒரு தனிப்பெயர் தேவைப்பட்டது.

இந்தப் பாடத்துக்கு ஒரே ஒரு எடுத்துக்காட்டுதான் தரலாம் என்றால், நான் 1150-ஆம் ஆண்டின் லீலாவதியிலிருந்து இரண்டாம் பாஸ்கரரின் வண்டுக் கணக்கை எடுப்பேன். ஒரு வண்டுக் கூட்டத்தில் ஐந்தில் ஒரு பங்கு ஒரு பூமரத்துக்குப் போகிறது. மூன்றில் ஒரு பங்கு வேறொரு பூவுக்கு. அவ்விரு பங்குகளின் வித்தியாசத்தைப்போல் மூன்று மடங்கு இன்னொரு மரத்துக்கு. ஒரே ஒரு வண்டு மட்டும் இடையில் பறந்துகொண்டிருக்கிறது. கூட்டம் எத்தனை?

ய = ய/5 + ய/3 + 3(ய/3 − ய/5) + 1

இதில் பின்னம் இருக்கிறது, அடைப்பு இருக்கிறது, தனி எண் இருக்கிறது. இருபக்கத்தையும் 15-ஆல் பெருக்கினால்:

15ய = 3ய + 5ய + 3(5ய − 3ய) + 15

இந்த வரியில் சில நொடி நிற்க வேண்டும். அடைப்புக்கு வெளியே உள்ள 3 அப்படியே இருக்கிறது. 15 போய்ச் சேர்ந்தது அடைப்புக்குள் இருந்த பின்னங்களுக்கு. 3-ஐயும் 15-ஆல் பெருக்கி 45 ஆக்கி, உள்ளேயும் பெருக்கினால் அந்த உறுப்பு மட்டும் 225 மடங்காகிவிடும். சரியாகச் செய்தால் வலப்பக்கம் 14ய + 15 என்று சுருங்கி, ய = 15 என்று நிற்கும். லீலாவதியில் பாஸ்கரர் இதைக் குறியீட்டுச் சமன்பாடாகச் செய்யவில்லை. ஆமெஸைப்போல ஒரு எண்ணை ஊகித்துச் செய்யும் பகுதியில்தான் இதை வைத்தார். தெரியாத எண்ணை ‘யா’ என்ற எழுத்தால் குறித்து நடத்தும் முறை அவருடைய பீஜகணிதத்தில் இருக்கிறது.

பகுதிகளுக்குப் பொது மடங்கு காண்பதில் முன்னோடி கர்நாடகத்துச் சமணக் கணிதர் மகாவீரர். ராஷ்டிரகூட மன்னர் அமோகவர்ஷன் காலத்தில், 850 வாக்கில் எழுதிய கணிதசாரசங்கிரகத்தில், பின்னங்களை ஒரே பகுதிக்குக் கொண்டுவர மீச்சிறு பொது மடங்கைப் பயன்படுத்தும் முறையை அவர் தருகிறார். அந்நூலை எம். ரங்காச்சாரியார் ஆங்கில மொழிபெயர்ப்போடு பதிப்பிக்க, 1912-இல் சென்னையில் அது வெளியானது.

தமிழ்க் கணக்கு மரபு இந்த வேலையை அளவைகளுக்குள்ளேயே புதைத்து வைத்திருந்தது. முந்திரி 1/320, காணி 1/80, மா 1/20, மாகாணி 1/16, அரைக்கால் 1/8, கால் 1/4 என்று கீழ்வாயிலக்கங்கள் முந்திரியின் மடங்குகளாகவே அடுக்கப்பட்டிருக்கின்றன. எனவே 320 என்ற பொதுப் பகுதியை யாரும் தேட வேண்டியதில்லை; அது முன்கூட்டியே கையில் இருக்கிறது. ஒரு நெற்குவியலில் கால் பங்கும் ஒரு மாப் பங்கும் ஒரு மாகாணிப் பங்கும் எடுத்தால் 29 கலம் என்று ஒரு கணக்கை அமைத்துக்கொள்வோம். திண்ணைப் பள்ளியில் எண்சுவடி படித்த ஒருவருக்கு இதில் பின்னமே இல்லை. கால் என்பது இருபது காணி, மா என்பது நான்கு காணி, மாகாணி என்பது ஐந்து காணி. மொத்தம் 29 காணி. 29 காணிக்கு 29 கலம் என்றால் குவியல் 80 கலம். இன்றைய பாஷையில் இருபக்கமும் 80-ஆல் பெருக்குவது இதுதான்: 20ய + 4ய + 5ய = 29 × 80. பின்னத்தை நீக்குதல் என்பது சிறிய அலகுக்கு மாறி எண்ணுவது என்ற கருத்தைப் பிள்ளைகளுக்குச் சொல்ல இதைவிட நேரான வழி எனக்குத் தெரியவில்லை. அந்த இலக்கங்கள் வழக்கொழிந்துவிட்டன. கருத்தை ஏன் விட வேண்டும்?

இனி எழுத்துமுறைக்கு வருவோம், ஏனென்றால் குழப்பத்தில் பாதி அங்கேதான் உருவாகிறது. 1881-இல் கண்டெடுக்கப்பட்ட பக்ஷாலி ஏட்டில் பின்னம் ஒரு எண்ணின் கீழ் இன்னொரு எண்ணாக எழுதப்பட்டிருக்கிறது. இடையில் கோடு இல்லை. படுக்கைக் கோட்டை 12-ஆம் நூற்றாண்டில் மக்ரிப் பகுதியின் அல்-ஹஸ்ஸார் பயன்படுத்தினார். ஃபிபோனாச்சி 1202-இல் எழுதிய நூல் வழியாக அது ஐரோப்பாவில் பரவியது. அந்தக் கோடு இரண்டு வேலை செய்கிறது. வகுத்தலைக் குறிக்கிறது, அதோடு, மேலே உள்ள அனைத்தையும் ஒரே பொருளாகக் கட்டி வைக்கிறது. இரண்டாவது வேலையை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை.

இந்தக் கட்டுரையில் பின்னங்களைச் சாய்கோட்டால் எழுதுவதால் (ய − 5)/3 என்று அடைப்பு போட்டே தீர வேண்டியிருக்கிறது. நோட்டிலும் கரும்பலகையிலும் ய − 5 என்று எழுதி அடியில் கோடு இழுத்து 3 போடும்போது அடைப்பு கண்ணுக்குத் தெரியாது. 6-ஆல் பெருக்கிக் கோடு மறைந்ததும், அது கட்டி வைத்திருந்த அடைப்பும் சேர்ந்து மறைகிறது. முன்னால் கழித்தல் குறி இருந்தால் அது ய-க்கு மட்டும் போய்ச் சேருகிறது. 34 விடை தந்த பிள்ளை செய்ததுபோல் 5 தன் பழைய குறியோடு நிற்கிறது, அல்லது குத்துமதிப்பாக ஒரு குறியைப் பெறுகிறது. ஆகவே பின்னம் நீக்குவதற்கு முன் ஒவ்வொரு தொகுதிக்கும் அடைப்பு போடும் பழக்கத்தை நான் வலியுறுத்துவேன். ஒற்றை உறுப்பாக இருந்தாலும் போடட்டும். கை வீணாகாது.

அதற்கும் முன்னால் ஒரு வரி இருக்கிறது. பலகையில் அதைத் தாண்டிப் போய்விடுகிறோம்.

6 × [ய/2 + 1 − (ய − 5)/3] = 6 × 5

இரு பக்கத்தையும் ஒரே எண்ணால் பெருக்கலாம் என்பது சமத்துவத்தின் விதி. பெருக்கிய எண் அந்தப் பக்கத்தின் ஒவ்வோர் உறுப்புக்கும் போய்ச் சேர வேண்டும் என்பது பங்கீட்டு விதி. மேலே உள்ள வரியில் இரண்டும் தனித்தனியே தெரிகின்றன. இந்த வரியை விட்டுவிட்டு நேரே 3ய + 6 − 2(ய − 5) = 30 என்று எழுதும்போது, கற்றவர் கண்ணுக்கு இரண்டும் தெரியும்; கற்பவர் கண்ணுக்கு எண்கள் மாயமாக மாறியதுதான் தெரியும். 1 என்பது 6 ஆனது ஏன் என்று அவனுக்கு விளங்காது. பகுதி இல்லாததற்குப் பகுதியை நீக்கும் வேலை எதற்கு என்று அவன் நினைப்பதில் ஒரு நியாயம் கூட இருக்கிறது.

எந்த வரிசையில் செய்வது என்பதில் ஆசிரியர்களிடையே இரு கட்சி உண்டு: அடைப்பை முதலில் திற என்பவர்கள், பின்னத்தை முதலில் நீக்கு என்பவர்கள். எண்களைப் பார்க்காமல் கட்சி சேர்வது வேண்டாம். முன்பு பார்த்த (3/4)(ய + 8) = 2ய − 9 என்பதில் 8-ஐ 4 மீதியின்றி வகுக்கிறது; அடைப்பை முதலில் திறப்பது நல்லது. இன்னொன்று:

(3/4)(ய + 5) = (2/3)(ய + 7)

இங்கே அடைப்பை முதலில் திறந்தால் 15/4, 14/3 என்று நான்கு பின்னங்களோடு மல்லாட வேண்டும். 12-ஆல் பெருக்கினால் 9(ய + 5) = 8(ய + 7); அடுத்த வரியிலேயே ய = 11. சில சமன்பாடுகளில் இரண்டுமே வேண்டாம். (5/7)(ய − 4) = 10 என்பதை 7/5-ஆல் பெருக்கினால் ய − 4 = 14, ய = 18; அடைப்பைத் திறப்பது வீண் உழைப்பு. (2/3)(ய − 1) + (1/2)(ய − 1) = 7 என்பதில் ய − 1 முழுவதையும் ஒரே பொருளாக எடுத்துப் பின்னோக்கிப் பங்கிட்டால் (7/6)(ய − 1) = 7; ய − 1 = 6, ய = 7. அடைப்பைக் கண்டதும் திறக்கத் துடிக்கும் கைக்கு இந்தக் கணக்கு நல்ல பயிற்சி.

அளவுக்கு மீறிப் பங்கிடுவது இன்னொரு பிழை. 4 × (3/4)(ய + 8) என்பதில் 4-ஐ 3/4-க்கும் கொடுத்து, அடைப்புக்குள்ளும் கொடுத்து 3(4ய + 32) என்று எழுதுவார்கள். பெருக்கல் கூட்டலின் மேல்தான் பங்கிடப்படும். இன்னொரு பெருக்கலின் மேல் பங்கிடப்படாது. விடை −33 என்று வரும்; அது 3(ய + 8) = 2ய − 9 என்பதன் விடை. இந்தப் பிழையில் ஒரு ஆபத்து இருக்கிறது. (3/4)(ய + 5) = (2/3)(ய + 7) போன்ற சமன்பாட்டில் இரு பக்கத்திலும் ஒரே பிழையைச் செய்தால் இரு பக்கமும் கூடுதலாக 12 மடங்காகி, விடை 11 என்று சரியாகவே வந்துவிடும். மதிப்பெண்ணும் கிடைக்கும், தவறான பழக்கம் உறுதிப்படும். இவ்வகைக் கணக்குகளை மட்டும் வைத்துப் பயிற்சி அமைத்தால் நாமே அந்தப் பழக்கத்துக்குத் துணைபோகிறோம்.

குறுக்குப் பெருக்கலைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. ஒரு பக்கம் ஒற்றைப் பின்னம், மறுபக்கம் ஒற்றைப் பின்னம் என்றால் அது சுருக்கமான, சரியான வழி. இரு பகுதிகளாலும் இரு பக்கத்தையும் பெருக்குவதைத்தான் அது ஒரே வீச்சில் செய்கிறது. காரணம் சொல்லாமல் கற்பித்தால், பிள்ளைகள் கூட்டல் குறியைத் தாண்டியும் குறுக்கே பெருக்குகிறார்கள். ய/2 + ய/3 = 5 என்பது 3ய + 2ய = 5 ஆகி, ய = 1 என்று முடிகிறது. உண்மை விடை 6. இதன் இரட்டைப் பிழை, சமன்பாடே இல்லாத இடத்தில் பகுதியை நீக்குவது: ய/2 + ய/3 ஐச் சுருக்கு என்றால் 5ய என்பார்கள். அது 5ய/6. ஒரு கோவையை 6-ஆல் பெருக்கினால் அது வேறு கோவை. சமன்பாட்டின் இருபக்கத்தையும் பெருக்கினால்தான் சமம் நிலைக்கும். சமக்குறியைப் பிள்ளைகள் இரு பக்கத்தின் உறவாகப் பார்க்காமல் ‘இனி விடை எழுது’ என்ற கட்டளையாகப் படிப்பதைக் கரோலின் கீரன் 1981-இல் விரிவாக எடுத்துக்காட்டினார். இங்கே நடப்பதும் அதன் தொடர்ச்சியே.

பின்னத்தின் அடிப்படை ஆட்டம் காணும்போது இயற்கணிதம் நிற்காது என்பதற்குச் சான்றுகள் உண்டு. அமெரிக்காவில் 1978-இல் நடந்த தேசிய மதிப்பீட்டில் 13 வயதுப் பிள்ளைகளிடம் 12/13 + 7/8 தோராயமாக எவ்வளவு என்று கேட்டார்கள். இரண்டுமே ஒன்றை ஒட்டிய பின்னங்கள், விடை 2. அதைத் தேர்ந்தவர்கள் 24 விழுக்காடு மட்டுமே. பாதிக்கு மேற்பட்டவர்கள் 19 அல்லது 21 என்றார்கள். அதாவது தொகுதிகளையோ பகுதிகளையோ கூட்டினார்கள். ராபர்ட் சீக்லரும் உடன் ஆய்வாளர்களும் 2012-இல் வெளியிட்ட ஆய்வில், பிள்ளைகளின் பத்து வயதுப் பின்ன அறிவும் வகுத்தல் அறிவும் அவர்களுடைய உயர்நிலைப் பள்ளிக் கணிதத் தேர்ச்சியை முன்கூட்டிக் காட்டுவதாக அமெரிக்க, பிரிட்டிஷ் தரவுகளைக் கொண்டு கண்டார்கள். லிப்பிங் மா 1999-இல் வெளியிட்ட நூல் ஆசிரியர்கள் பக்கம் விளக்கைத் திருப்பியது. 1 3/4 ÷ 1/2 என்ற கணக்கை அவர் பேட்டி கண்ட 72 சீன ஆசிரியர்களும் சரியாகச் செய்தார்கள். அமெரிக்க ஆசிரியர்களில் பாதிப் பேர்கூடச் சரியான முழு விடைக்கு வரவில்லை. சீன ஆசிரியர்கள் சிலர் காட்டிய மாற்று வழிகளில் ஒன்று பங்கீட்டு விதியே: 1-ஐ அரையால் வகுத்தால் 2, முக்காலை அரையால் வகுத்தால் ஒன்றரை, மொத்தம் மூன்றரை. பின்னத்தோடு இந்த விதியை ஐந்தாம் ஆறாம் வகுப்பிலேயே பழகிய பிள்ளைக்கு எட்டாம் வகுப்புச் சமன்பாடு புதிய பாடமாக இருக்காது.

மீச்சிறு பொது மடங்கைத்தான் எடுக்க வேண்டுமா என்பதிலும் கருத்து வேறுபாடு இருக்கிறது. பின்னக் கூட்டலைக் கற்பிக்க மீச்சிறு பொது மடங்கு அவசியமே இல்லை, பகுதிகளின் பெருக்கலே போதும் என்று பெர்க்லியில் கணிதப் பேராசிரியராக இருந்த ஹுங்-ஷி வூ நெடுங்காலமாக வாதிட்டுவந்திருக்கிறார். சமன்பாட்டிலும் அதுவே உண்மை. 4-உம் 6-உம் பகுதிகளாக இருந்தால் 12-ஆல் பெருக்கினாலும் 24-ஆல் பெருக்கினாலும் பின்னம் போகும்; 24 என்றால் எண்கள் சற்றுப் பெரிதாகும், அவ்வளவே. சிறிய எண் கைக்கு வசதி, அதனால் அதைப் பழக்கலாம். 24-ஆல் பெருக்கிச் சரியான விடை கண்ட பிள்ளைக்கு மதிப்பெண் குறைப்பது மட்டும் நியாயமில்லை.

விதியை விளக்க யூக்ளிடின் செவ்வகம் இன்றும் நல்ல படம். முக்கால் அகலமும் ய + 8 நீளமும் உள்ள செவ்வகத்தை இரண்டாக வெட்டிக் காட்டினால் (3/4)ய-உம் 6-உம் கண்முன் நிற்கும். கழித்தல் வந்ததும் படம் திணறுகிறது. −2(ய − 5) என்பதற்குச் செவ்வகம் வரையச் சொல்வது குழந்தையைக் குழப்புவதாகும். அங்கே எண் வைத்துச் சோதிப்பதே மேல். அடைப்பைச் சுழியமாக்கும் எண்ணை ய-க்குக் கொடுக்கச் சொல்லுங்கள். ய = 5 என்றால் −2(ய − 5) சுழியம். −2ய − 10 அப்போது −20. −2ய + 10 சுழியம். எது சரி என்று ஆசிரியர் சொல்ல வேண்டிய தேவையே இல்லை.

தசமங்கள் பகுதி மறைந்த பின்னங்கள். 0.3(ய − 2) = 0.05ய + 0.4 என்பதை 100-ஆல் பெருக்கினால் 30(ய − 2) = 5ய + 40, ய = 4. இங்கேயும் 100 என்பது 0.3-க்குப் போக வேண்டுமே தவிர அடைப்புக்குள்ளும் போகக் கூடாது. கணினியில் தசமங்களைக் கையாளும்போது இந்த விதி இம்மி பிசகும் என்பதையும் மேல்வகுப்புப் பிள்ளைகள் அறிந்திருப்பது நல்லது. பெரும்பாலான கணினி மொழிகளில் 10 × (0.1 + 0.2) என்று கேட்டால் 3.0000000000000004 என்று வரும். 10 × 0.1 + 10 × 0.2 என்றால் 3 வரும். 0.1-ஐ இரும எண்ணில் முழுமையாக எழுத முடியாததே காரணம். பின்னங்களைத் துல்லியமாக வைத்துக்கொள்ள வேண்டிய மென்பொருள்களும் நம்மைப்போலவே பகுதிகளை நீக்கி முழு எண்களில் வேலை செய்யும் வழிகளை நாடுகின்றன. எர்வின் பாரைஸ் 1968-இல் நேரியல் சமன்பாட்டுத் தொகுதிகளுக்கு முழு எண்களை விட்டு வெளியேறாத ஒரு முறையை வகுத்துக் கொடுத்தார்.

பகுதியிலேயே ய வரும்போது இன்னொரு கட்டம் தொடங்குகிறது.

ய/(ய − 3) = 3/(ய − 3) + 2

இருபக்கமும் ய − 3-ஆல் பெருக்கினால் ய = 3 + 2(ய − 3). பின்னமில்லாத 2-க்கும் பெருக்கல் போய்ச் சேர்ந்திருக்கிறது; எட்டாம் வகுப்பில் 1-ஐ விட்டுவிட்ட பிள்ளை இங்கே 2-ஐ விட்டுவிடுவான். சரியாகத் திறந்தால் ய = 2ய − 3, ய = 3. ஒவ்வொரு வரியும் சரி; விடை மட்டும் பொருந்தாது, ஏனென்றால் ய = 3 என்றால் பகுதி சுழியமாகிவிடும். இந்தச் சமன்பாட்டுக்குத் தீர்வே கிடையாது. 6-ஆலும் 12-ஆலும் பெருக்கியபோது இந்தக் கவலை இல்லாமல் இருந்ததற்குக் காரணம், அவை சுழியமாக முடியாத எண்கள். ய − 3 அப்படியல்ல. சுழியத்தால் பெருக்கினால் சமமில்லாத இரண்டு பக்கங்களும் சமமாகிவிடும். ஆகவே பெருக்கத் தொடங்கும் முன்பே ய ≠ 3 என்று ஓரத்தில் எழுதிவிட வேண்டும். கடைசி வரியில் 3 வந்தால் அந்தக் குறிப்பைப் பார்த்து, தீர்வு இல்லை என்று எழுதலாம். வேறு எண் வந்தால் அதையே விடையாக எழுதலாம்.